ஒரு புள்ளடி, பல கணக்கு

2024 நவம்பர் பொதுத் தேர்தலில் யாழ்ப்பாண மாவட்ட முடிவு வந்தபோது கணக்குத் தெரிந்தவர்களே கொஞ்சம் தலையைச் சொறிந்தார்கள். வீட்டுச் சின்னத்தில் நின்ற தமிழரசுக் கட்சிக்கு 63,327 வாக்கு. கிடைத்தது ஒரு ஆசனம். சைக்கிளில் நின்ற தமிழ்க் காங்கிரசுக்கு 27,986 வாக்கு. அதற்கும் ஒரு ஆசனம். திசைகாட்டிக்கு, அதாவது தேசிய மக்கள் சக்திக்கு, 80,830 வாக்கு. அது மொத்த வாக்கில் கால்வாசிக்கும் ஒரு மயிரிழை குறைவு. ஆனால் இருந்த 6 ஆசனங்களில் 3 அவர்களுக்குப் போனது. விகிதாசாரப் பிரதிநிதித்துவம் என்று பெயர் வைத்துவிட்டு இது என்ன விகிதம்?

கணக்கில் பிழை இல்லை. நாமே போட்டுப் பார்க்கலாம்.

அந்தத் தேர்தலில் யாழ்ப்பாணத்தில் கட்சிகளும் சுயேச்சைக் குழுக்களுமாக 44 பட்டியல்கள் நின்றன. ஒரு பட்டியலில் 9 பேர், எல்லாமாக 396 வேட்பாளர்கள். முதல் சல்லடை 5 வீத வெட்டுப்புள்ளி. அதைத் தாண்டியவை ஆறே ஆறு பட்டியல்கள். மற்ற 38 பட்டியல்களுக்கும் விழுந்த வாக்குகள் ஏறத்தாழ 85,000. அவை அப்படியே ஒரு பக்கம் ஒதுக்கி வைக்கப்பட்டன. கவனியுங்கள், முதலிடம் வந்த பட்டியல் எடுத்த வாக்கை விட ஒதுக்கப்பட்ட வாக்கு கூட.

அடுத்தது போனஸ். மாவட்டத்தில் முதலாவதாக வருபவருக்கு ஒரு ஆசனம் சும்மா கிடைக்கும். அது திசைகாட்டிக்குப் போனது. மீதி 5 ஆசனம். தப்பிய ஆறு பட்டியல்களின் வாக்குகளைக் கூட்டினால் 2,40,241. ஐந்தால் பிரித்தால் ஓர் ஆசனத்தின் விலை 48,048 வாக்கு. இந்த விலையை முழுதாகக் கொடுக்கக்கூடியவர்கள் இரண்டு பேர்தான்: திசைகாட்டியும் வீடும். ஆளுக்கு ஒன்று. வாங்கிய பின் திசைகாட்டியின் கையில் மிச்சம் 32,782. வீட்டின் கையில் 15,279.

இன்னும் மூன்று ஆசனம் இருக்கிறது. அவை மிச்சத்தின் பருமன்படி போகும். மற்றவர்கள் எதுவும் வாங்காததால் அவர்களுடைய முழு வாக்குமே மிச்சம். வரிசையில் முதலாவது திசைகாட்டியின் 32,782. அடுத்தது சைக்கிளின் 27,986. மூன்றாவது, 17ஆம் இலக்க சுயேச்சைக் குழுவின் 27,855. கதவு அத்தோடு மூடியது. சங்குச் சின்னத்தில் நின்ற ஜனநாயகத் தமிழ்த் தேசியக் கூட்டணி 22,513 வாக்கோடும், வீணைச் சின்னத்து ஈ.பி.டி.பி. 17,730 வாக்கோடும் வெளியே நின்றன.

இப்போது ஒரு கற்பனை. வீடும் சங்கும் ஒரே கூரையின் கீழ் நின்ற காலம் ஒன்று இருந்தது. அந்த வாக்குகள் அப்படியே ஒன்று சேர்ந்திருந்தால் 85,840. வாக்காளர் கூட்டல் கணக்கு அல்ல, தெரியும். ஆனாலும் ஒரு பேச்சுக்கு வைத்துக்கொள்வோம். போனஸ் கைமாறும். அந்தக் கூட்டுக்கு 3, திசைகாட்டிக்கு 2, சைக்கிளுக்கு 1, சுயேச்சைக் குழுவுக்கு எதுவும் இல்லை. ஒரு வாக்காளர் கூட மனம் மாறாமலே, மூன்று பட்டியல்களின் ஆசன எண்ணிக்கை மாறியிருக்கும்.

யாருக்கு வாக்குரிமை என்பதைப் பற்றி நாம் மேடை போட்டுப் பேசியிருக்கிறோம். எண்ணும் முறையைப் பற்றி முடிவு வரும் இரவில் மட்டும்தான் பேசுகிறோம். ஒரு வேட்பாளர் யாருடைய படலையைத் தட்ட வேண்டும், யாருடைய படலையைத் தாண்டிப் போய்விடலாம் என்பதை முடிவு செய்வது அந்த எண்ணும் முறைதான். இலங்கை இதைப் பல தடவை மாற்றிப் பார்த்த நாடு. அதனாலேயே பாடத்துக்கு நல்ல உதாரணம்.

கூட வாக்கு எடுத்தவர் தோற்ற கதை

1970 பொதுத் தேர்தல். ஐக்கிய தேசியக் கட்சிக்கு 18,92,525 வாக்கு. ஸ்ரீலங்கா சுதந்திரக் கட்சிக்கு 18,39,979. யார் வென்றது? சுதந்திரக் கட்சிக்கு 91 ஆசனம், ஐ.தே.க.வுக்கு 17.

அப்போது இருந்தது தொகுதி முறை. தொகுதியில் யார் முதலிடமோ அவருக்கு ஆசனம். இரண்டாம் இடத்துக்கு ஒன்றும் இல்லை. சுதந்திரக் கட்சி, சமசமாஜக் கட்சியோடும் கம்யூனிஸ்ட் கட்சியோடும் தொகுதிகளைப் பிரித்துக்கொண்டு, ஒருவரை ஒருவர் வெட்டாமல் நின்றது. ஐ.தே.க. நாடு முழுக்க நின்று, நாடு முழுக்க இரண்டாவதாக வந்தது. இந்த முறையில் இரண்டாவதாக வருவதுதான் மிகவும் செலவான வேலை. வாக்கு எல்லாம் உங்களிடம் இருக்கும், ஆசனம் பக்கத்து வீட்டில் இருக்கும்.

151 ஆசனங்களில் 116 இந்த மூன்று கட்சிகளின் ஐக்கிய முன்னணிக்கு. மூன்றில் இரண்டு பெரும்பான்மை. அந்தப் பலத்தில் வந்ததுதான் 1972 குடியரசு அரசியலமைப்பு. அதற்கு முன்பிருந்த சோல்பரி அரசியலமைப்பில் சிறுபான்மையினருக்குக் காப்பாக இருந்த 29ஆம் பிரிவு அதில் இல்லாமல் போனது.

ஏழு வருடம் கழித்துச் சக்கரம் மறுபக்கம் சுற்றியது. 1977இல் ஐ.தே.க. 50.9 வீத வாக்கு எடுத்தது. 168 ஆசனங்களில் 140. சுதந்திரக் கட்சிக்கு கிட்டத்தட்ட 30 வீதம், ஆசனம் 8. இடதுசாரிகளுக்கு ஒன்றுமே இல்லை. 6.75 வீத வாக்கு எடுத்த தமிழர் விடுதலைக் கூட்டணிக்கு 18. அமிர்தலிங்கம் எதிர்க்கட்சித் தலைவரானார். நாட்டைப் பிரிக்க ஆணை கேட்டு வந்த கட்சி, அதே நாட்டின் அதிகாரபூர்வ எதிர்க்கட்சி. தொகுதி முறைதான் அதைச் செய்தது.

காரணம் எளிது. தொகுதி முறை ஒரே இடத்தில் திரண்டு இருப்பவர்களுக்குத் தாராளம் காட்டும். சிதறி இருப்பவர்களைத் துடைத்துவிடும். வடக்கில் தமிழர் வாக்கு திரண்டு இருந்தது. தெற்கில் சுதந்திரக் கட்சியின் வாக்கு ஊரெல்லாம் தூவி இருந்தது. 2004இல், விகிதாசார முறையில், தமிழ்த் தேசியக் கூட்டமைப்பு ஏறக்குறைய அதே அளவு வாக்கு வீதத்துக்கு 225இல் 22 ஆசனம் எடுத்தது. பங்கு என்று பார்த்தால் 1977இல்தான் கொஞ்சம் கூட. ஆனால் எதிரே 140 பேர் உட்கார்ந்திருக்கும் சபையில் 18 பேர் என்ன செய்வது? பேசலாம். வெளிநடப்புச் செய்யலாம். பேரம் பேச முடியாது. ஆசனக் கணக்கை மட்டும் பார்ப்பவர்கள் இந்த வித்தியாசத்தை அடிக்கடி தவறவிடுகிறார்கள்.

ஏழு குழுக்களும் ஒரு கணிதப் பேராசிரியரும்

கொஞ்சம் பின்னால் போவோம். 1931இல் டொனமூர் அரசியலமைப்பு வந்தபோது 21 வயது வந்த ஆண் பெண் எல்லோருக்கும் வாக்குரிமை வந்தது; இனவாரிப் பிரதிநிதித்துவம் போனது. யாழ்ப்பாண வாலிபர் காங்கிரஸ், இது சுயராச்சியம் இல்லை என்று சொல்லி அந்தத் தேர்தலைப் பகிஷ்கரிக்க, குடாநாட்டின் நான்கு ஆசனங்களும் வெறுமையாகக் கிடந்தன.

அந்த அரசியலமைப்பு அமைத்த சபையில் அமைச்சர்கள் தெரிவான விதம் வினோதமானது. உறுப்பினர்கள் ஏழு நிர்வாகக் குழுக்களாகப் பிரிவார்கள். ஒவ்வொரு குழுவும் தன் தலைவரைத் தெரிவு செய்யும். அவர்தான் அமைச்சர். எல்லா இனத்துக்கும் இடம் கிடைக்கும் என்று நினைத்துச் செய்த ஏற்பாடு. 1936இல் பார்த்தால் ஏழு அமைச்சர்களும் சிங்களவர்கள். ஒரு குழுவில் ஏறக்குறைய எட்டுப் பேர். ஐந்து பேர் உங்கள் பக்கம் இருந்தால் தலைவர் உங்களுடையவர். ஆக, ஆட்களை ஏழு குழுக்களுக்கும் அளவாகப் பிரித்து அனுப்பினால் போதும்; எல்லாக் குழுவும் உங்களுடையவை. இந்தக் கணக்கைப் போட்டுக் கொடுத்தவர் என்று சொல்லப்படுபவர் ஒரு தமிழர்: கணிதப் பேராசிரியர் சி. சுந்தரலிங்கம். தனிச் சிங்கள அமைச்சரவைக்குத் தமிழ்க் கணித மூளை. யாழ்ப்பாணத்தில் இதைச் சிரித்தபடி சொல்பவர்களும் உண்டு, பல்லைக் கடித்தபடி சொல்பவர்களும் உண்டு.

இதன் பின்னால்தான் ஜி.ஜி. பொன்னம்பலத்தின் ஐம்பதுக்கு ஐம்பது கோரிக்கை சோல்பரி ஆணைக்குழுவின் முன் போனது. பாதி ஆசனம் சிங்களவருக்கு, பாதி மற்ற எல்லோருக்கும் சேர்த்து. ஆணைக்குழு அதை ஏற்கவில்லை. பதிலுக்கு ஒரு சின்னச் சலுகை தந்தது: 75,000 பேருக்கு ஓர் ஆசனம், அதோடு ஒவ்வொரு 1,000 சதுர மைலுக்கும் ஓர் ஆசனம். ஆள் குறைவாகவும் நிலம் கூடுதலாகவும் இருக்கும் இடங்களில் சிறுபான்மையினர் இருப்பதால் அவர்களுக்கு இது உதவும் என்பது எண்ணம்.

உதவியதா? மலையகத்தைப் பாருங்கள். 1948, 1949 சட்டங்களால் தோட்டத் தொழிலாளர்களின் குடியுரிமையும் வாக்குரிமையும் பறிபோயின. 1947இல் பாராளுமன்றம் போன இலங்கை இந்தியக் காங்கிரசிலிருந்து 1952இல் ஒருவர் கூடப் போகவில்லை. ஆனால் தொகுதி பிரிக்கும்போது குடித்தொகையை எண்ணினார்கள். அதில் வாக்கில்லாத தொழிலாளரும் சேர்த்தி. அதாவது ஆசனத்துக்காக அவர்களுடைய தலைகளை எண்ணிவிட்டு, அந்த ஆசனத்துக்கு வாக்களிக்க அவர்களை விடவில்லை. பக்கத்துச் சிங்களக் கிராமத்து வாக்காளரின் ஒரு வாக்கு அதனால் கனத்தது. இந்த நாட்டுத் தேர்தல் வரலாற்றில் நடந்த அநியாயங்களில் மிகவும் அமைதியான அநியாயம் இதுதான் என்பேன். எந்த வாக்குப் பெட்டியும் உடைக்கப்படவில்லை.

தொகுதி முறைக்குள்ளேயே ஒரு நல்ல யோசனையும் இருந்தது: இன்னோர் இனம் கணிசமாக வாழும் இடங்களில் பல அங்கத்தவர் தொகுதி. மூன்று ஆசனம் என்றால் உங்களுக்கு மூன்று வாக்கு. மூன்றையும் ஒருவருக்கே போடலாம். 1977இல் நுவரெலியா மஸ்கெலியா மூன்று அங்கத்தவர் தொகுதியில் காமினி திசாநாயக்க, அனுர பண்டாரநாயக்க ஆகியோருக்கு அடுத்து மூன்றாவதாக வந்து சௌமியமூர்த்தி தொண்டமான் பாராளுமன்றம் போனது அப்படித்தான். ஓர் அங்கத்தவர் தொகுதியாக இருந்திருந்தால் அந்தக் கதவு திறந்திராது.

விளக்கும் குடமும்

140 ஆசனத்தோடு வந்த ஜே.ஆர். ஜெயவர்த்தன 1978இல் புது அரசியலமைப்பு கொண்டுவந்தார். ஜனாதிபதி ஆட்சி, கூடவே விகிதாசாரத் தேர்தல். தான் ஏறி வந்த ஏணியை மேலே வந்ததும் எடுத்துவிட்டார் என்று அப்போதே சொன்னார்கள். புது முறையில் இன்னொரு கட்சி மூன்றில் இரண்டு எடுத்து இந்த அரசியலமைப்பை மாற்றுவது லேசில் நடக்காது.

ஆனால் புது முறையில் தேர்தல் வைக்க அவருக்கே அவசரம் இருக்கவில்லை. வைத்தால் 140 ஆசனம் கரைந்துவிடும். 1982 டிசம்பர் 22ஆம் திகதி தேர்தலுக்குப் பதிலாக ஒரு சர்வஜன வாக்கெடுப்பு வைத்தார். இருக்கும் பாராளுமன்றத்தையே இன்னும் ஆறு வருடத்துக்கு நீட்டலாமா? ஆம் என்றால் விளக்கு, இல்லை என்றால் குடம். யாழ்ப்பாணம் குடத்துக்குக் குத்தியது. நாடு 54.66 வீதத்தில் விளக்கை ஏற்றியது. அந்த விளக்கு வெளிச்சத்தில் என்னென்ன நடந்தது என்பது 1983 ஜூலையைக் கண்டவர்களுக்குத் தெரியும். 1978இல் 18 வயதான ஒருவர் தன் முதல் பொதுத் தேர்தலைக் கண்டது 1989 பெப்ரவரியில், 29 வயதில். நல்ல எண்ணும் முறையைச் சட்டத்தில் எழுதி வைத்தால் மட்டும் போதாது, எண்ணவும் வேண்டும்.

இந்த இடைவெளியில் முறையும் உருமாறியது. 1978இல் வெட்டுப்புள்ளி எட்டில் ஒரு பங்கு, அதாவது 12.5 வீதம். சிறு கட்சிக்கு அது மதில். 1988 டிசம்பரில், ஜனாதிபதித் தேர்தலுக்குச் சில நாள் முன்பு, 15ஆவது திருத்தத்தால் அது 5 வீதமானது. ஐ.தே.க. வேட்பாளர் பிரேமதாசவுக்கு ஆதரவு தர முஸ்லிம் காங்கிரஸ் தலைவர் அஷ்ரஃப் கேட்ட விலை இது என்று பரவலாகச் சொல்லப்படுகிறது. அந்த ஏழரை வீத வித்தியாசம் இல்லாவிட்டால் கிழக்குக்கு வெளியே முஸ்லிம் கட்சி அரசியலும், மலையகத்துக்கு வெளியே மலையகக் கட்சி அரசியலும் இன்று இருக்கும் வடிவில் இருந்திருக்க வாய்ப்புக் குறைவு. 1994இல் சந்திரிகாவின் மக்கள் கூட்டணி 105 ஆசனத்தோடு நின்றபோது முஸ்லிம் காங்கிரசின் 7 ஆசனம் பொன்னாக மின்னியது. 1977இல் 18 பேரால் முடியாததை 1994இல் 7 பேர் செய்தார்கள்.

அதே 1994இல் யாழ்ப்பாணத்தில் நடந்ததையும் சொல்லிவிட வேண்டும். மாவட்ட ஆசனங்கள் பதிவேட்டில் உள்ள வாக்காளர் தொகையைப் பார்த்து ஒதுக்கப்படுபவை. எத்தனை பேர் வந்து வாக்களித்தார்கள் என்று பார்ப்பதில்லை. குடாநாடு புலிகளின் கட்டுப்பாட்டில் இருந்தது, வாக்களித்தவர்கள் சொற்பம். ஈ.பி.டி.பி. சார்பாக நின்ற சுயேச்சைக் குழு பத்தாயிரத்துச் சொச்சம் வாக்கில் 10இல் 9 ஆசனம் எடுத்தது. போர் முடிந்த பிறகு அதே பதிவேடு மறுபக்கம் வெட்டியது. ஆட்கள் வெளிநாடு போனார்கள், பெயர்கள் நீங்கின. 2010இல் 9 ஆசனம், 2015இல் 7, 2024இல் 6. இடம்பெயர்வுக்கு இதைவிடத் துல்லியமான ஒரு கணக்குப் புத்தகம் வேறு இல்லை.

ஆளுக்கு மூன்று

225 பேரில் 196 பேர் 22 தேர்தல் மாவட்டங்களிலிருந்து வருகிறார்கள். மீதி 29 தேசியப்பட்டியல். மாவட்டத்தில் முதலில் கட்சிக்கு ஒரு புள்ளடி. பிறகு விரும்பினால் அந்தக் கட்சி வேட்பாளர்களின் இலக்கங்களில் மூன்றுக்குப் புள்ளடி. இதுதான் விருப்பு வாக்கு, சிங்களத்தில் மனாப்பே. நமது ஆட்களும் மனாப்பே என்றே சொல்லிப் பழகிவிட்டார்கள்.

என் அம்மம்மாவுக்கு இது கடைசி வரை பிடிபடவில்லை. "கட்சிக்கு ஒண்டு, ஆக்களுக்கு மூண்டு. அப்ப நாலு புள்ளடியோ?" என்று கேட்பார். "ஓம் அம்மா, ஆனா கட்சிக்குப் போடாட்டி மற்ற மூண்டும் பழுது" என்று அம்மா ஒவ்வொரு தேர்தலுக்கும் விளக்குவார். அம்மம்மா கடைசியில் கட்சிக்கு மட்டும் ஒன்றைப் போட்டுவிட்டு வந்து, "மிச்சத்தை அவையளே பாத்துக்கொள்ளட்டும்" என்று சொல்லிவிடுவார். ஒவ்வொரு தேர்தலிலும் நிராகரிக்கப்படும் வாக்குகள் இலட்சக்கணக்கில் இருப்பதைப் பார்க்கும்போது, அம்மம்மா புத்திசாலித்தனமாகத்தான் நடந்திருக்கிறார்.

1978இல் நினைத்தது வேறு: கட்சி கொடுக்கும் ஒழுங்கில்தான் ஆட்கள் தெரிவாவார்கள். கட்சித் தலைவரே எல்லாம் என்றாகிவிடும் என்று 1988இல் விருப்பு வாக்கு நுழைக்கப்பட்டது. வாக்காளருக்கு அதிகாரம் கிடைத்தது உண்மை. விலையும் இருந்தது. இப்போது வேட்பாளரின் முதல் எதிரி எதிர்க்கட்சியில் இல்லை, பக்கத்துக் கதிரையில் இருக்கிறார். கட்சிக்கு மாவட்டத்தில் இரண்டு ஆசனம் வரும் என்று தெரிந்தால், பட்டியலில் உள்ள ஒன்பது பேரும் அந்த இரண்டுக்கு அடிபடுவார்கள். சின்னம் ஒன்று, சுவரொட்டி ஒன்பது. தொகுதி முறையில் ஒருவர் தன் தொகுதிக்குள் சைக்கிளில் சுற்றி வரலாம். மாவட்டம் முழுக்கச் சுற்ற வாகனம் வேண்டும், ஆட்கள் வேண்டும், காசு வேண்டும். காசு இல்லாதவருக்கு ஊடக முகம் வேண்டும். கூட்டாகக் கட்சிக் கூட்டம் போட்டுவிட்டு, அன்று இரவே தனித்தனியாக வீடு வீடாகப் போய் "மற்ற இரண்டையும் யாருக்கு வேண்டுமானாலும் போடுங்கள், ஒன்றை எனக்குப் போடுங்கள்" என்று கேட்பதை எங்கள் ஒழுங்கையிலேயே பார்த்திருக்கிறேன். தொகுதிக்கு ஓர் எம்.பி. என்ற பொறுப்பு போனது. ரோட்டு பழுது என்றால் யாரிடம் போவது? ஆறு பேரிடமும் போகலாம். ஆறு பேரும் மற்ற ஐந்து பேரைக் காட்டுவார்கள்.

தேசியப்பட்டியல் வேறு ஒரு விளையாட்டு. அறிஞர்களையும் மேடையேற மாட்டாதவர்களையும் சபைக்குக் கொண்டுவரத்தான் அது. தோற்றவர்களுக்கு ஆறுதல் பரிசாகவும் ஆகிவிட்டது. 2020இல் ஐ.தே.க. நாடு முழுக்க 2.15 வீதம்தான் எடுத்தது. எந்த மாவட்டத்திலும் ஒரு ஆசனம் இல்லை. நாடளாவிய கூட்டலில் ஒரே ஒரு தேசியப்பட்டியல் ஆசனம் தேறியது. பல மாதம் அது வெறுமையாகவே கிடந்தது. 2021 ஜூனில் ரணில் விக்கிரமசிங்க அதில் வந்து உட்கார்ந்தார். 2022 மே மாதம் பிரதமர். ஜூலையில் பாராளுமன்றத்தில் 134 வாக்கெடுத்து ஜனாதிபதி. மிச்ச வாக்கில் கிடைத்த ஓர் ஆசனம் இவ்வளவு தூரம் போகும் என்று அந்தக் கணக்கைப் போட்ட எழுதுவினைஞர் நினைத்திருக்க மாட்டார்.

இரண்டாவது எண்ணிக்கை

ஜனாதிபதித் தேர்தலில் முழு நாடும் ஒரே தொகுதி. வெல்ல 50 வீதத்துக்கு மேல் வேண்டும். ஒருவருக்கும் கிடைக்காவிட்டால் முதல் இருவர் தவிர மற்றவர்கள் நீக்கப்பட்டு, அவர்களுடைய வாக்குச்சீட்டுகளில் உள்ள இரண்டாம், மூன்றாம் விருப்புகள் எண்ணப்படும். இது 1978 முதலே இருந்த ஏற்பாடு. 2019 வரை நடந்த எட்டுத் தேர்தல்களிலும் தேவைப்படவில்லை. 2024 செப்டெம்பரில்தான் முதல் தடவையாகத் தேவைப்பட்டது.

முதல் எண்ணிக்கையில் அனுர குமார திசாநாயக்க 42.31 வீதம், சஜித் பிரேமதாச 32.76 வீதம். மற்ற எல்லோருடைய சீட்டுகளும் சேர்ந்து ஏறத்தாழ 33 இலட்சம். அவற்றைப் பிரித்துப் பார்த்தபோது இந்த இருவரில் ஒருவருக்கு விருப்பு இருந்தவை 2,73,131. சஜித்துக்கு 1,67,867, அனுரவுக்கு 1,05,264. அதாவது இரண்டாவது எண்ணிக்கையில் முந்தியவர் சஜித்; ஆனால் இடைவெளியை நிரப்ப அது எங்கே போதும்! மீதி முப்பது இலட்சம் சீட்டுகளில் ஒரு புள்ளடி மட்டும், அல்லது நீக்கப்பட்ட வேறொருவரின் பெயருக்கு நேரே ஓர் இலக்கம். முடிவில் அனுரவுக்கு 57,40,179. செல்லுபடியான வாக்கில் 43 வீதம் சொச்சம். பாதிக்கு மேல் வேண்டும் என்று எழுதிய சட்டத்தின்படியே, பாதியைத் தொடாமல் ஒருவர் ஜனாதிபதியானார். இதில் களவு எதுவும் இல்லை. 1, 2, 3 என்று எழுதலாம் என்பதை நாட்டுக்கு யாரும் பழக்கவில்லை. தன் ஆதரவாளரிடம் "இரண்டாவதாக அவருக்குப் போடுங்கள்" என்று சொல்வது பாதித் தோல்வியை மேடையிலேயே ஒத்துக்கொள்வது போல. எந்த அரசியல்வாதிக்கு வாய் வரும்?

பாதிக்கு மேல் வேண்டும் என்ற விதி வேட்பாளரைச் சிறுபான்மையினரிடம் வரவைக்கும் என்பது இந்த முறைக்குச் சொல்லப்பட்ட நியாயம். 2005இல் அது எதிர்மறையாக நிரூபணமானது: வடக்கில் பகிஷ்கரிப்பு, மகிந்த ராஜபக்ச 50.29 வீதத்தில் வென்றார், வித்தியாசம் இரண்டு இலட்சத்துக்கும் குறைவு. 2019இல் கோட்டாபய அந்த நியாயத்தையே பொய்யாக்கினார். வடக்கு கிழக்கு வாக்கு ஏறக்குறைய முழுதாக எதிரே போயும் 52.25 வீதம். பெரும்பான்மை இனம் முக்கால்வாசி உள்ள நாட்டில், படலையைத் தட்டாமலே போகவும் வழி இருக்கிறது.

இந்த முறை மூன்றில் இரண்டைத் தடுக்கும் என்று சொன்னதும் நிலைக்கவில்லை. 2010இல் 144, 2020இல் 145 என்று கிட்ட வந்து நின்றது. 2024இல் தேசிய மக்கள் சக்தி 61.56 வீத வாக்குக்கு 159 ஆசனம் எடுத்தது. மாவட்டப் போனசும், எதிரே இருந்தவர்களின் உடைவும் தூக்கிவிட்டன. செப்டெம்பரில் யாழ்ப்பாணத்தில் 27,086 வாக்கு மட்டும் எடுத்த திசைகாட்டி, நவம்பரில் அங்கேயே முதலாவதாக வந்தது.

கலப்பு முறை

சரி, தொகுதியும் வேண்டும் விகிதமும் வேண்டும் என்றால் இரண்டையும் கலந்தால் என்ன? 2018 பெப்ரவரி உள்ளூராட்சித் தேர்தலில் அதைச் செய்தார்கள். 60 வீதம் வட்டாரம், 40 வீதம் பட்டியல். பெண்களுக்கு 25 வீத ஒதுக்கீடு வந்தது. எனக்குத் தெரிய இந்தச் சீர்திருத்தத்தின் ஒரே சுத்தமான நன்மை அதுதான். மற்றபடி, நான்காயிரத்து ஐந்நூறு அளவில் இருந்த உறுப்பினர் தொகை எட்டாயிரத்தைத் தாண்டியது. சில சபைகளில் உட்காரக் கதிரை போதவில்லை. வட்டாரங்களை அள்ளியவர்கள் பட்டியலில் ஒன்றும் பெறவில்லை. வட்டாரத்தில் தோற்றவர்கள் பட்டியலால் நுழைந்தார்கள். பல சபைகள் தொங்கு சபைகள். வரவு செலவுத் திட்டத்துக்குக் கை தூக்கும் நாளில் தவிசாளர் மாறும் கூத்து வடக்கில் பல இடங்களில் நடந்தது.

மாகாண சபைக்கும் அதே பாணியில் 2017இல் சட்டத்தை மாற்றினார்கள். பழைய விகிதாசார முறை போனது. புது முறைக்குத் தொகுதி பிரிக்க வேண்டும். எல்லை நிர்ணய அறிக்கை 2018 ஓகஸ்ட் 24ஆம் திகதி பாராளுமன்றத்தில் வாக்கெடுப்புக்கு வந்தது. எதிராக 139 வாக்கு. ஆதரவாக ஒன்றும் இல்லை. திருத்திக் கொண்டுவர ஒரு குழு அமைந்தது, திருத்தம் வரவில்லை. பழைய முறையும் சட்டத்தில் இல்லை, புது முறையும் முடியவில்லை.

வடக்கு மாகாண சபைக்கு மக்கள் வாக்களித்தது 2013 செப்டெம்பரில். பதவிக்காலம் 2018 அக்டோபரில் முடிந்தது. 2025இலும் தேர்தல் நடக்கவில்லை. கைதடியில் மாகாண சபைக் கட்டடம் இருக்கிறது. ஆளுநர் இருக்கிறார், செயலாளர்கள் இருக்கிறார்கள், கோப்புகள் நகர்கின்றன. உறுப்பினர்களின் கதிரைகள் மட்டும் காலி.